அருவிக்கும் சந்தைக்கும் ஒரே காலை போதாது

கேள்வி:

தென்காசியிலிருந்து எழுதுகிறேன். காலாண்டு விடுமுறையில் குடும்பத்தோடு பாங்காக் போகிறோம். நான், மனைவி, 14 வயது மகள், 9 வயது மகன், 68 வயதான என் அம்மா. அம்மாவுக்கு முழங்கால் வலி உண்டு. எல்லோரும் சைவம். பாங்காக்கில் முழுதாக மூன்று நாள் கிடைக்கிறது. அதில் ஒரு நாளுக்கு ஏஜென்ட் ஒருவர் இப்படித் திட்டம் அனுப்பியிருக்கிறார்: காலை 6 மணிக்குக் கிளம்பி மேக்லாங் ரயில் சந்தை, தம்னோன் சதுவாக் மிதக்கும் சந்தை, எரவான் அருவி, புலிக் கோயில், குவாய் நதிப் பாலம், இரவு 8 மணிக்கு ஓட்டல். ஏசி வேன், கைடு, மதியச் சாப்பாடு எல்லாம் சேர்த்து ஒரே தொகை. ஒரு நாளில் இத்தனையும் பார்க்க முடியுமா? அருவியில் எண்ணெய் தேய்த்துக் குளிக்கலாமா? பிள்ளைகள் புலியோடு படம் எடுக்க வேண்டும் என்கிறார்கள். இன்னொன்றும் உண்டு. அம்மாவின் பெரியப்பா மலாயாவில் ரப்பர் தோட்டத்தில் வேலை பார்த்தவர். ஜப்பான்காரன் காலத்தில் சயாமுக்கு ரயில் பாதை போடக் கொண்டுபோனார்கள், திரும்பி வரவில்லை. அவர் பெயர் காஞ்சனபுரியில் எங்காவது எழுதியிருக்குமா என்று அம்மா கேட்கிறார்.

பதில்:

வேனில் போய்வர முடியும், பார்க்க முடியாது. அந்த ஏஜென்ட் உங்களை ஏமாற்றுகிறார் என்று சொல்ல மாட்டேன். பட்டியலில் இருக்கும் இடங்களுக்கு வண்டி போகும், இறக்கிவிடுவார்கள், ஏற்றிக்கொள்வார்கள். ஆனால் தமிழ்நாட்டுக் குடும்பங்களைத் தாய்லாந்துக்கு அழைத்துப்போவதைத் தொழிலாகச் செய்கிற எனக்கு இந்தத் திட்டத்தில் முதலில் கண்ணில் பட்டது ஒன்றுதான். அருவிக்கும் காலை நேரம் வேண்டும், சந்தைக்கும் காலை நேரம் வேண்டும். ஒன்றுக்குக் காலையைக் கொடுத்துவிட்டால் மற்றதற்கு மிச்சம் மீதிதான் கிடைக்கும். உங்கள் திட்டத்தில் அந்த மிச்சம் மீதி அருவிக்குப் போயிருக்கிறது.

கணக்குப் போட்டுப் பாருங்கள். மேக்லாங், பாங்காக்குக்குத் தென்மேற்கே சுமார் 80 கி.மீ. தம்னோன் சதுவாக் அங்கிருந்து அரைமணி நேரம். காஞ்சனபுரி நகரம் பாங்காக்குக்கு மேற்கே 130 கி.மீ. போல இருக்கும். எரவான் அந்த நகரத்தையும் தாண்டி வடமேற்கே இன்னும் 65 கி.மீ. நீங்கள் 6 மணிக்குக் கிளம்பினால் மேக்லாங்கில் சந்தைக்கு நடுவே வரும் 8.30 ரயிலைப் பார்க்கலாம். 9.30 மணிக்குத் தம்னோன் சதுவாக், படகு முடிந்து கிளம்பும்போது 11. வழியில் சாப்பாடு. எரவான் வாசலில் இறங்கும்போது 2 மணியைத் தாண்டிவிடும். ஏழு படியாக இறங்கும் அந்த அருவியில் மேல்படிகளுக்கு ஏறுவதைப் பிற்பகல் 3 மணிவாக்கில் நிறுத்திவிடுவார்கள். வனத்துறை ஊழியர்கள் மேலிருந்து ஆட்களை இறக்கிக்கொண்டே வருவார்கள், 4.30க்குள் குளிக்கிறவர்கள் எல்லோரும் வெளியே வந்தாக வேண்டும். உங்களுக்குக் கிடைப்பது முதல் இரண்டு படியும், அவசரமாக ஒரு முங்கலும்தான். அப்புறம் குவாய் பாலத்தில் இருட்டும் நேரத்தில் ஒரு படம். பெரியப்பாவைப் பற்றி அம்மா கேட்டாரே, அதற்கு அந்த நாளில் இடமே இல்லை.

ஆகவே என் யோசனை இது. ஒரு நாளை முழுதாகக் காஞ்சனபுரிக்குக் கொடுங்கள். சந்தைகளை இன்னொரு நாளில் அரை நாளாக வைத்துக்கொள்ளுங்கள். மூன்று நாள் கையில் இருக்கும்போது இது தாராளமாக முடியும்.

காஞ்சனபுரி நாளில் ஓட்டலை விட்டு 5.30க்கே கிளம்பிவிடுங்கள். பிள்ளைகள் வண்டியில் தூங்கட்டும். 9 மணியை ஒட்டி எரவானில் இருப்பீர்கள். பூங்கா 8 மணிக்குத் திறக்கும். பாங்காக்கிலிருந்து வரும் பெரிய குழுக்கள் 10.30க்கு மேல்தான் வந்து சேரும். அந்த ஒன்றரை மணி நேரம்தான் எரவானின் நல்ல நேரம். வார நாளாகப் பார்த்துப் போங்கள். சனி, ஞாயிறில் தாய்லாந்துக் குடும்பங்களே பாய், சாப்பாட்டுக் கூடையோடு வந்து கீழ்ப்படிகளை நிரப்பிவிடுவார்கள். வெளிநாட்டவருக்கு நுழைவுக் கட்டணம் பெரியவருக்கு 300 பாட். இது ஏஜென்ட் சொன்ன தொகைக்குள் சேர்ந்ததா, தனியா என்று முதலிலேயே கேட்டுவிடுங்கள். பெரும்பாலும் தனியாகத்தான் இருக்கும்.

நீங்கள் தென்காசிக்காரர் என்பதால் இதைச் சொல்லியாக வேண்டும்: எரவான் குற்றாலம் மாதிரி அல்ல. தலையில் இடியாக விழும் தண்ணீருக்குக் கீழே நிற்கிற அருவி அது இல்லை. சுண்ணாம்புப் பாறையில் ஏழு படியாக இறங்குகிற ஓடை. ஒவ்வொரு படிக்குக் கீழேயும் ஒரு மடு. தண்ணீரில் கரைந்திருக்கும் சுண்ணாம்பு பாறை விளிம்புகளில் படிந்து படிந்து அவற்றை வழவழப்பாக, வளைவாக ஆக்கியிருக்கிறது. தண்ணீரின் அந்தப் பச்சை கலந்த நீலமும் சுண்ணாம்பால் வருவதுதான். மடுவில் இறங்கி இடுப்பளவு, மார்பளவு தண்ணீரில் கிடக்கலாம். கால் வைத்த சில நொடியில் மீன்கள் வந்து மொய்க்கும். சின்ன மீன் கடிப்பது கூச்சமாக இருக்கும். சாண் நீளத்துக்கு மேல் இருக்கும் பெரியது வந்து கணுக்காலில் ஒரு இழு இழுக்கும்போது பெரியவர்களே கத்திவிடுவார்கள். காலை அசைத்துக்கொண்டே இருந்தால் கிட்டே வராது. இதைப் பையனிடம் முன்பே சொல்லி வையுங்கள், பயந்துவிட்டால் அப்புறம் இறங்க மாட்டான்.

எண்ணெய் தேய்த்துக் குளிக்கிற பேச்சே வேண்டாம். எண்ணெய், சோப்பு, சீயக்காய், ஷாம்பு எதுவும் அந்த ஓடையில் இறங்கக்கூடாது. அது தேசியப் பூங்கா. அந்த மீன்களின் வீடும்கூட. குளிப்பதற்கு லைஃப் ஜாக்கெட் கட்டாயம். அங்கேயே 20 பாட் வாடகைக்குத் தருவார்கள். சேலையோடு இறங்க முடியாது, உங்கள் மனைவிக்கு சல்வார் அல்லது டீ சர்ட், முழங்கால் வரை பேன்ட் வசதி. இரண்டாம் படிக்கு மேலே சாப்பாட்டுப் பொருள் எதையும் கொண்டுபோக விடமாட்டார்கள். தண்ணீர் பாட்டில் கொண்டுபோனால் 20 பாட் முன்பணம் வாங்கிக்கொண்டு, பாட்டிலோடு திரும்பி வந்தால் கொடுத்துவிடுவார்கள். இந்த ஒரு ஏற்பாட்டால்தான் மேல்படிகளில் பிளாஸ்டிக் கிடப்பதில்லை. நம் அருவிக்கரைகளிலும் இதைச் செய்தால் என்ன என்று ஒவ்வொரு முறையும் எனக்குத் தோன்றும். குரங்குகள் உண்டு. பையை ஜிப் போட்டு முதுகில் மாட்டிக்கொள்ளுங்கள், கரையில் வைத்துவிட்டு இறங்காதீர்கள்.

ஏழாம் படி வரை ஏற்றம் சுமார் 2 கி.மீ. பிள்ளைகளை அங்கே வரை இழுத்துக்கொண்டு போக வேண்டும் என்று கட்டாயமில்லை. இரண்டாம் படிதான் அகலமான மடு, தண்ணீர் திரைபோல விழும். நான்காம் படியில் உருண்டையான வழுக்குப் பாறைகள் இருக்கின்றன, பிள்ளைகள் சறுக்கி மடுவில் விழுந்து விளையாடுவார்கள். ஐந்தாம் படிக்கு மேல் பாதை செங்குத்து, மழைக்காலத்தில் வேர்களும் பாறையும் ஈரமாக இருக்கும். உங்கள் மகள் ஏற விரும்பினால் நீங்களும் அவளும் ஏழாம் படி வரை போய் வாருங்கள். பையனும் அவன் அம்மாவும் நான்கோடு நிற்கட்டும். ரப்பர் அடி போட்ட, பின்பட்டை உள்ள செருப்பு அவசியம். ஹவாய் செருப்பு வழுக்கிவிடும்.

அம்மாவைக் கீழே தனியாக விட்டுவிட்டுப் போக வேண்டாம். முதல் படி வரை பாதை பெரும்பாலும் சமமாக இருக்கும், மெதுவாக நடந்தே போய்விடலாம். பேட்டரி வண்டி ஓடினால் ஏற்றிவிடுங்கள். முதல் மடுவில் கரையோரம் உட்கார்ந்து காலை மட்டும் நனைத்துக்கொள்ளலாம். உங்களில் ஒருவர் மாறி மாறி அம்மாவோடு இருக்கும்படி முன்பே பேசி வைத்துக்கொள்ளுங்கள். பேச ஆள் இல்லாத ஊரில் இரண்டு மணி நேரம் தனியாக உட்கார்ந்திருந்த பெரியவர்கள் அப்புறம் நாள் முழுக்க வாடிப்போய் இருப்பதைப் பார்த்திருக்கிறேன்.

அடுத்தது மழை. நீங்கள் போகும் செப்டம்பர் கடைசி, அக்டோபர் முதல் வாரம் அங்கே நல்ல மழைக்காலம். தண்ணீர் நிறைய இருக்கும். ஆனால் கனமழை பெய்தால் நீலம் போய்க் கலங்கிவிடும், வெள்ளம் கூடினால் பூங்காவை மூடியும்விடுவார்கள். முதல் நாள் மாலையிலேயே அருவி திறந்திருக்கிறதா என்று கைடிடம் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள். மூடியிருந்தால் மாற்று, சாய் யோக் நோய். நெடுஞ்சாலையை ஒட்டியே இருக்கிற சிறிய அருவி, ஏற்றம் கிடையாது, அம்மாவும் வரலாம். கோடையில் வறண்டு கிடக்கும், மழைக்காலத்தில்தான் அதற்கு அழகு. காஞ்சனபுரி ரயில் பாதை இப்போது முடிவடைகிற நாம் தோக் நிலையமும் பக்கத்தில்தான். தெளிந்த நீலத் தண்ணீர்தான் பார்க்க வேண்டும் என்றால் நவம்பர், டிசம்பர்தான் சரியான மாதங்கள். பள்ளி விடுமுறைக்குக் கட்டுப்பட்டவர்கள் அரையாண்டு விடுமுறையில் போவது நல்லது.

புலி வேண்டாம். பட்டியலில் 'புலிக் கோயில்' என்று இருப்பதற்கு இரண்டு பொருள் இருக்கலாம், எது என்று ஏஜென்டிடம் கேளுங்கள். காஞ்சனபுரியில் புலிகளை வைத்துப் படம் எடுக்கவிட்ட ஒரு புத்த மடம் இருந்தது. 2016-ல் வனவிலங்குத் துறை உள்ளே போய் 137 புலிகளை வெளியேற்றியது. உறைபெட்டியில் 40 புலிக்குட்டிகளின் சடலங்கள் கிடைத்தன. அந்தக் காட்சி அதோடு மூடப்பட்டது. அதையே இன்னும் பட்டியலில் வைத்திருக்கிறார் என்றால் அவர் பழைய காகிதத்தைத்தான் அனுப்பியிருக்கிறார். இன்னொன்று வாட் தம் சுவா என்னும் மலைக்கோயில். அதையும் புலிக்குகைக் கோயில் என்பார்கள். அங்கே புலி கிடையாது. வயலைப் பார்த்தபடி பெரிய புத்தர் சிலை இருக்கிறது, 150க்கு மேல் படிகள். வேறு ஏதாவது புலிப் பண்ணைக்கு அழைத்துப்போகிறேன் என்று சொன்னால் தயவுசெய்து மறுத்துவிடுங்கள். மனிதன் பக்கத்தில் படுத்துக் கிடக்கும் அளவுக்கு ஒரு புலியைப் பழக்குவதற்கு அதைக் குட்டியிலேயே தாயிடமிருந்து பிரித்திருப்பார்கள். 14 வயதுப் பெண்ணுக்கு இதைச் சொன்னால் புரியும். தம்பிக்கு அவளே சொல்லிவிடுவாள்.

இனி அம்மாவின் கேள்வி. பெரியப்பாவின் பெயர் அங்கே எழுதியிருக்காது. இதை அங்கே போய்த் தெரிந்துகொள்வதைவிட இப்போதே அம்மாவிடம் சொல்லிவிடுவது நல்லது.

அந்த ரயில் பாதை, அன்று சயாம் என்று சொன்ன தாய்லாந்தின் பான் போங் பக்கத்திலிருந்து பர்மாவின் தன்பியூசயாட் வரை 415 கி.மீ. 1942-ல் தொடங்கி 1943 அக்டோபரில் இரு முனைகளையும் இணைத்தார்கள். பிரிட்டன், ஆஸ்திரேலியா, ஹாலந்து ஆகிய நாடுகளிலிருந்து ஜப்பானியரிடம் பிடிபட்ட போர்க்கைதிகள் 60,000 பேருக்கு மேல் அதில் வேலை செய்தார்கள், 12,000க்கு மேல் இறந்தார்கள். இவர்களைப் போல மூன்று நான்கு மடங்கு பேர் ஆசியத் தொழிலாளர்கள்: பர்மியர், ஜாவாக்காரர்கள், மலாய்க்காரர்கள், சீனர்கள், மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுபோகப்பட்ட தமிழர்கள். அவர்களில் இறந்தவர்கள் 90,000 வரை இருக்கும் என்பது வழக்கமாகச் சொல்லப்படும் மதிப்பீடு. கைதிகளின் முகாம்களில் ராணுவ அதிகாரிகள் இருந்தார்கள், டாக்டர்கள் இருந்தார்கள், யார் எப்போது எதனால் இறந்தார் என்று ஒளித்து வைத்தாவது எழுதினார்கள். போர் முடிந்ததும் அவர்களுடைய அரசுகள் வந்து உடல்களைத் தேடி எடுத்துக் கல் நட்டன. தோட்டத் தொழிலாளர்களுக்குப் போதிய டாக்டரும் இல்லை, எழுதி வைக்க ஆளும் இல்லை, தேடி வர அரசும் இல்லை. 1943 மழைக்காலத்தில் காலரா வந்தபோது முகாம் முகாமாகச் செத்தார்கள். மொத்தமாகப் புதைத்தார்கள், எரித்தார்கள். 1990-ல்கூட காஞ்சனபுரி அருகே ஒரு வயலைத் தோண்டியபோது அப்படிப்பட்ட புதைகுழி ஒன்று வெளிப்பட்டது.

இதைத் தெரிந்துகொண்டு போனால்தான் அந்த ஊரில் பார்ப்பது எல்லாம் புரியும். ரயில் நிலையத்துக்கு எதிரே இருக்கும் போர்க் கல்லறையில் கிட்டத்தட்ட 7,000 கல்லறைகள் வரிசை வரிசையாக, ஒரே அளவில், பூச்செடிகளோடு இருக்கும். பெரும்பாலானவற்றில் பெயர், வயது, படைப்பிரிவு. அங்கே ஒரு தமிழ்த் தோட்டத் தொழிலாளியின் பெயரைத் தேடாதீர்கள். பக்கத்திலேயே தாய்லாந்து பர்மா ரயில்வே மையம் என்னும் அருங்காட்சியகம் இருக்கிறது. தொழிலாளர்களைப் பற்றியும் பேசுகிற இடம் அது. மாலை 4 மணிக்கு முன் உள்ளே போய்விடுங்கள். அருகிலுள்ள வாட் தவோர்ன் வராராம் கோயில் வளாகத்தில் இந்தத் தொழிலாளர்களின் நினைவாக ஒரு தூபி நிற்கிறது. 2023 மே மாதம் தமிழர்களுக்காக ஒரு நடுகல்லும் அங்கே நிறுவப்பட்டது. அம்மா பூ வைத்துக் கும்பிட வேண்டிய இடம் இதுதான். பயணம் புரட்டாசியில் வருகிறது. மகாளய அமாவாசையை ஒட்டி நாள் அமைந்தால் அம்மாவுக்கு இன்னும் மனநிறைவாக இருக்கும். பூவைக் காஞ்சனபுரிச் சந்தையில் வாங்கிக்கொள்ளலாம். மல்லிகை, சாமந்தி மாலைகள் அங்கே தாராளமாகக் கிடைக்கும்.

அந்த ரயில் பாதைக்காகக் கட்டிய குவாய் பாலத்துக்குப் போகும்போது இன்னொன்றையும் பாருங்கள். பாலத்துக்குக் கொஞ்சம் கீழ்ப்புறமாக, நடந்து போகிற தூரத்தில், 1944-ல் ஜப்பானிய ராணுவமே எழுப்பிய நினைவுத்தூண் இருக்கிறது. யார் சாவுக்குக் காரணமோ அவர்களே வைத்தது என்பதால் அதன் முன் கைகூப்புவதா வேண்டாமா என்பது அவரவர் மனசு. ஆனால் அதன் சுற்றுச்சுவரில் பல மொழிகளில் கல்வெட்டுகள் பதித்திருக்கிறார்கள், அதில் ஒன்று தமிழ். பெரும்பாலான கைடுகள் அங்கே அழைத்துப்போவதில்லை, வண்டி நிற்கிற இடத்திலிருந்து பாலத்தை மட்டும் காட்டிவிட்டுத் திரும்பிவிடுவார்கள். நீங்கள் கேட்டு வாங்கிப் பார்க்க வேண்டும். பாலத்தில் வளைந்த இரும்புக் கமான்கள் போர்க்காலத்தவை. நடுவில் நேர்க்கோணமாக இருக்கும் இரண்டும் குண்டுவீச்சில் விழுந்தவற்றுக்குப் பதிலாகப் பிறகு வைத்தவை. பிள்ளைகளிடம் எது பழையது, எது புதியது என்று கண்டுபிடிக்கச் சொல்லுங்கள். பாலத்தின் மேல் நடக்கலாம், ரயில் வந்தால் ஒதுங்கி நிற்க ஓரத்தில் இடம் விட்டிருக்கிறார்கள்.

பெரியப்பா எந்தத் தோட்டத்தில் இருந்தார் என்று அம்மாவுக்கு நினைவிருந்தால் அதை எழுதி வையுங்கள். மலேசியாவில் சொந்தக்காரர்கள் இருந்தால் விசாரியுங்கள். பெயர் எங்காவது கிடைப்பதாக இருந்தால் அந்தத் தோட்டத்து ஆட்களின் நினைவில்தான் கிடைக்கும்.

பாலத்திலிருந்து 5 மணிக்குக் கிளம்பினால், திரும்பும் வழியில் நக்கோன் பாத்தோம் வரும். பாங்காக்குக்கு 56 கி.மீ. முன்பு. அங்கேதான் பிரா பாத்தோம் சேதி இருக்கிறது. சுமார் 120 மீட்டர் உயரம், உலகின் மிக உயரமான புத்தத் தூபிகளில் ஒன்று. பழைய தூபியை உள்ளே வைத்து அதற்கு மேல் தாய்லாந்து மன்னர் நான்காம் ராமா 1853-ல் கட்டத் தொடங்கி, அவர் மகன் காலத்தில் 1870-ல் முடிந்தது. ஆரஞ்சு நிற ஓடு வேய்ந்த அந்த மணி வடிவம் தூரத்திலிருந்தே தெரியும். இருட்டும் நேரத்தில் விளக்கு போடுவார்கள், வளாகத்தை ஒட்டி மாலையில் சாப்பாட்டுக் கடைகள் போடுகிறார்கள். ஊர்க்காரர்கள் சாப்பிடுகிற சந்தை அது. அருவி, கோயில், சந்தை மூன்றும் ஒரே நாளில் வேண்டும் என்று ஆசைப்பட்டீர்கள் அல்லவா? இந்த வரிசையில் போனால் மூன்றும் அந்தந்த நேரத்தில் கிடைத்துவிடும். அம்மா மேடைப்படி ஏற வேண்டாம், கீழே சுற்றி வந்தாலே போதும். தோளும் முழங்காலும் மறைந்த உடை எல்லோருக்கும் வேண்டும், அருவியில் நனைந்த அரைக்கால் சட்டையோடு உள்ளே போகக்கூடாது. மாற்றுடையைத் தனிப்பையில் வைத்துக்கொள்ளுங்கள். புத்தர் சிலையை நோக்கிக் கால் நீட்டி உட்கார வேண்டாம், துறவிகளைப் பெண்கள் தொடக்கூடாது.

சந்தைக்கான அரை நாள். மேக்லாங்கில் ரயில் வழக்கமாக 8.30, 11.10, பிற்பகல் 2.30, மாலை 5.40 என்று நாலு முறை உள்ளே வருகிறது. பாதை வேலை நடந்தால் நின்றுவிடும், முதல் நாள் கேட்டுக்கொள்ளுங்கள். ரயில் வருகிற இரண்டு நிமிடத்தைவிட அதற்கு முந்தைய ஐந்து நிமிடத்தைப் பாருங்கள். ஊதல் கேட்டதும் கடைக்காரம்மாக்கள் பரபரப்பே இல்லாமல் மேல்விரிப்பைக் கழியோடு மடக்குவார்கள், சக்கரம் வைத்த தட்டுகளை உள்ளே தள்ளுவார்கள். உயரம் குறைந்த காய்கறிக் குவியல்களை அப்படியே விட்டுவிடுவார்கள். ரயில் அவற்றுக்கு மேலாகவே போய்விடும், ஒரு கத்தரிக்காய் நசுங்காது. பையனின் கையைப் பிடித்துக்கொண்டு கோட்டுக்கு உள்ளே நில்லுங்கள். பெட்டி முகத்துக்கு அவ்வளவு கிட்டே வரும்.

தம்னோன் சதுவாக்கைப் பொறுத்தவரை, 1860களில் வெட்டிய 32 கி.மீ. கால்வாய் அது, மேக்லாங், தா சின் ஆறுகளை இணைப்பது. கால்வாயோரத் தோட்டங்களும் வீடுகளும் இன்றும் அழகு. ஆனால் படகுச் சந்தை இப்போது முழுக்கச் சுற்றுலாப் பயணிகளுக்கானது, 10 மணிக்கு மேல் மோட்டார் படகுப் புகையும் நெரிசலும்தான். தாழ்வான படகில் இறங்கி உட்கார்ந்து எழுந்திருப்பது அம்மாவின் முழங்காலுக்கும் ஆகாது. உங்கள் மூன்று நாளில் வெள்ளி, சனி, ஞாயிறில் ஒன்று வந்தால் நான் அதை விட்டுவிட்டு, பிற்பகல் 2.30 ரயிலை மேக்லாங்கில் பார்த்துவிட்டு, பக்கத்திலேயே இருக்கும் அம்பாவா மாலைச் சந்தைக்குப் போகச் சொல்வேன். கால்வாய்க் கரையில் பலகைத் திண்ணைகளில் நடந்தே பார்க்கலாம். இருட்டியதும் மின்மினி பார்க்கப் படகு விடுகிறார்கள், விருப்பப்பட்டவர்கள் போய் வாருங்கள். வார நாள்தான் என்றால் தம்னோன் சதுவாக்குக்கு 8 மணிக்கே போய்விடுங்கள், படகுக் கூலி ஆளுக்கா, படகுக்கா என்று ஏறும் முன் பேசி முடித்துவிடுங்கள். சந்தையில் புத்தர் தலையை அலங்காரப் பொருளாக வாங்காதீர்கள். அந்நாட்டு மக்கள் மனம் புண்படும். புத்தர் சிலைகளை அனுமதிச் சீட்டு இல்லாமல் நாட்டுக்கு வெளியே கொண்டுபோகவும் முடியாது.

சாப்பாடு. 'வெஜிடேரியன்' என்று சொன்னால் கறியை எடுத்துவிட்டு மீன் சாற்றோடு கொண்டுவந்து வைத்துவிடுவார்கள். அவர்களுக்கு அது உப்பு மாதிரி, அதில் தவறு என்று அவர்களுக்குத் தோன்றாது. 'ஜே' என்று கேளுங்கள். மஞ்சள் துணியில் சிவப்பு எழுத்துள்ள கொடி தொங்கும் கடைகளில் கறி, மீன், முட்டை எதுவும் இருக்காது. சீனர்களின் சைவ நோன்புத் திருவிழா பெரும்பாலும் அக்டோபரில் வரும், உங்கள் நாட்கள் அதோடு ஒட்டினால் அந்தக் கொடிகள் தெருவுக்குத் தெரு இருக்கும். பப்பாளி சாலட்டில் காய்ந்த இறாலும் மீன் சாறும் சேரும், பார்த்து ஏமாறாதீர்கள். மாம்பழமும் தேங்காய்ப்பால் ஊற்றிய ஒட்டரிசியும் தயக்கமின்றிச் சாப்பிடலாம். எரவான் நாளுக்கு மட்டும் பாங்காக்கிலேயே ஒரு இந்திய ஓட்டலில் சப்பாத்தியோ புளிசாதமோ முதல் நாள் இரவே சொல்லி வாங்கிக்கொள்ளுங்கள்.

கடைசியாக ஏஜென்ட். தாய்லாந்தில் சுற்றுலா நிறுவனத்துக்கு அரசு உரிமம் வேண்டும், கைடுக்குத் தனி உரிம அட்டை வேண்டும், அந்த அட்டை தாய்லாந்துக் குடிமக்களுக்குத்தான் கிடைக்கும். இங்கிருந்து கூடவே வருகிற 'தமிழ் கைடு' உங்களுக்கு மொழித்துணையாக இருக்கலாம், அந்த நாட்டில் கைடு வேலை பார்க்க அவருக்குச் சட்டத்தில் இடமில்லை. வேன் டிரைவரையே கைடு என்று கணக்குக் காட்டுவதும் நடக்கிறது. நிறுவனத்தின் உரிம எண், கைடு தனியாக வருவாரா, பூங்காக் கட்டணம் யாருடையது, நகைக் கடை, தோல் கடை என்று வழியில் எங்கும் நிறுத்துவார்களா, மழையால் அருவி மூடினால் பணம் என்ன ஆகும் — இந்த ஐந்தையும் வாட்ஸ்அப்பிலாவது எழுத்தில் வாங்கிக்கொண்டு முன்பணம் கட்டுங்கள். உங்கள் வரிசையை அவர் ஒத்துக்கொள்ளவில்லை என்றால், ஐந்து பேருக்கு ஒரு தனி வேன் எடுப்பது பிறரோடு சேர்ந்து போவதைவிடப் பெரிய செலவாக இருக்காது. எங்கே எவ்வளவு நேரம் என்பதும் உங்கள் கையில் இருக்கும். அங்கே போனபின் ஏதாவது தகராறு என்றால் சுற்றுலா காவல்துறையின் எண் 1155, ஆங்கிலத்தில் பேசலாம். அதை அம்மாவின் போனிலும் பதிந்து வையுங்கள்.